நாலு பல்லும் ஒரு உறுதி வார்த்தையும்

நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவன். என் வாழ்க்கையில் செய்த அசட்டுத்தனங்களுக்கெல்லாம் அந்தப் படிப்பின் மேல் பழியைப் போட்டுத் தப்பித்திருக்கிறேன். இந்த ஒன்றில் மட்டும் அது நடக்காது. அன்றைக்குச் சுவரில் எழுதியிருந்ததை என்னால் படிக்க முடிந்தது. கேட்டால் சொல்வதற்குப் பக்கத்தில் ஆளும் இருந்தது. கேட்கத்தான் கூச்சம். அப்போது எனக்கு வயது நாற்பத்தொன்பது. (கூச்சப்படுகிற வயசா அது என்று என் மனைவி சரசு இன்றைக்கும் கேட்கிறாள். பதில் சொல்லக் கூச்சமாக இருக்கிறது.)

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் நான் ஓவர்லாக் டெய்லர், துணி ஓரங்களை மூட்டித் தைப்பவன். ஓவர்லாக்கில் தைத்து முடித்ததும் துணியின் நுனியில் நூல் ஒரு வால் மாதிரி தொங்கும். அதை நறுக்குவதற்கென்று மெஷினிலேயே ஒரு சின்னக் கத்தரியைக் கட்டி விட்டிருப்பார்கள். அதை எடுத்து, நறுக்கி, கீழே வைப்பதற்குள் பக்கத்து மெஷின்காரர் அடுத்த பீஸைத் தைத்து முடித்திருப்பார். எங்களுக்குப் பீஸ் கணக்கில் கூலி. எனவே குனிந்து ஒரு கடி. அவ்வளவுதான் வேலை. இருபத்தாறு வருஷம் இப்படிக் கடித்ததில் மேல்வரிசை முன்பற்கள் நான்கும் ரம்பம் மாதிரி ஆகிவிட்டன. அதில் இரண்டு ஆட ஆரம்பித்து, ஈறு வீங்கி, சுடுசோறு பட்டால் கண்ணில் தண்ணீர் வந்தது.

"கார்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கண்ணா. பல்லுக்கும் அதுல பாப்பாங்க" என்றார் பக்கத்து மெஷின் யூசுப் பாய். கார்டு என்றால், மாதாமாதம் சம்பளத்தில் பிடித்துக்கொண்டு அரசாங்கம் கொடுக்கும் மருத்துவ அட்டை. அத்தனை வருஷத்தில் அதை நான் காய்ச்சலுக்கு இரண்டு தடவை நீட்டியிருப்பேன்.

வலியை விடப் பெரிய அவசரம் ஒன்று இருந்தது. என் மகள் மஞ்சுவுக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை நிச்சயம். மாப்பிள்ளை அவள் கூட வேலை பார்க்கிற பையன். இரண்டு பேரும் அவர்களாகவே பேசி முடிவு செய்துகொண்டார்கள். பையனின் அப்பா ஊத்துக்குளி நாச்சிமுத்து ஒரு வருஷம் பிடிகொடுக்காமல் இருந்து, கடைசியில் இறங்கி வந்தவர். வந்தவர் ஒன்றே ஒன்று கேட்டார். அவருடைய மூத்த பையனுக்குப் பேசிய இடத்தில், பெண்ணின் அப்பா நிச்சயத்தன்று தலையை மட்டும் ஆட்டிவிட்டு, ஒரு மாதம் கழித்து, "நான் எப்பங்க சம்மதம்னு சொன்னேன்?" என்று கேட்டுவிட்டாராம்.

"அதனாலீங், உறுதி வார்த்தைய நீங்களே உங்க வாயால, சபையில, நல்லாக் கேக்கற மாதிரி சொல்லிப்போடோணும். எனக்கு வேற ஒண்ணும் வேண்டாமுங்" என்றார்.

எங்கள் பக்கத்தில் நிச்சயத்துக்குப் பேரே உறுதி வார்த்தைதான். அந்த ஒரு வார்த்தையைச் சொல்லப்போகிற வாய் இப்படி ரம்பமாக இருக்கிறதே என்றுதான், நிச்சயத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது, பல்லைச் சரி செய்யக் கிளம்பினேன். வீட்டில் சொல்லவில்லை. புதுப் பல்லோடு வந்து நின்று அசத்த வேண்டும் என்று நினைப்பு.

கார்டு ஆஸ்பத்திரியில், பல் பகுதிக்கு வெளியே சுவரில் ஒரு போர்டு. எழுத்துக் கூட்டிப் படித்தேன். பல் பிடுங்குதல், பல் அடைத்தல், பல் சுத்தம் செய்தல், பல்செட். எல்லாம் கார்டு உள்ளவர்களுக்கு இலவசம். அதற்குக் கீழே பொடி எழுத்தில் இன்னும் இரண்டு வரி இருந்தது. பின்னால் இருந்தவர் முதுகில் இடித்தார். பல்செட் என்று பார்த்தாகிவிட்டது, இன்னும் என்ன வேண்டும் என்று நகர்ந்துவிட்டேன்.

உள்ளே டாக்டர் சின்னப் பெண். தெற்கத்திப் பேச்சு. மஞ்சுவை விட இரண்டு மூன்று வயது கூட இருக்கலாம். வாயைத் திறக்கச் சொல்லி விளக்கை அடித்துப் பார்த்தார்.

"என்ன சார், ஆணி கடிப்பீங்களா?"

"நூலுங்க."

"இந்த ரெண்டும் ஆடுது, எடுத்திரணும். மத்த ரெண்டையும் காப்பாத்திரலாம் சார். வேர் சிகிச்சை பண்ணணும். அஞ்சாறு தடவ வந்து போகணும்."

அஞ்சாறு தடவை என்றால் அஞ்சாறு லீவு. கம்பெனியில் சரக்கு கப்பலுக்குப் போக வேண்டிய நேரம். சூப்பர்வைசரிடம் ஒரு லீவு கேட்பதற்கே நான் இரண்டு நாள் ஒத்திகை பார்ப்பேன்.

"நாலையும் எடுத்துருங்க" என்றேன்.

"முன்பல்லு சார். நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. வீட்ல கேட்டீங்களா?"

"கேட்டாச்சுங்க." (முதல் பொய்.)

"அடுத்தாப்ல வீட்ல விசேஷம் எதுவும் இருக்கா?"

"இல்லீங்க."

இரண்டாவது பொய்யை நான் ஏன் சொன்னேன் என்று இன்றுவரை யாருக்கும் புரிய வைக்க முடியவில்லை. மகளுக்கு நிச்சயம் என்றால் அந்தப் பெண் வாழ்த்துச் சொல்லும். பதிலுக்கு நானும் ஏதாவது சொல்ல வேண்டி வரும். என்ன சொல்வது என்று தெரியவில்லை. அந்த ஒரு பேச்சைத் தவிர்க்க நான்கு பல்லைக் கொடுத்தவர்கள் திருப்பூரில் என்னைத் தவிர யாரும் இருக்க மாட்டார்கள்.

ஒரு தாளை நீட்டி, படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடச் சொன்னார். படிக்கிற மாதிரி கண்ணை ஓட்டிவிட்டுப் போட்டேன். ஊசி போட்டார்கள். வலிக்கவே இல்லை. நான்கும் தட்டில் விழுந்தன. பஞ்சைக் கடித்துக்கொண்டு வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்தேன்.

எதற்கு உட்கார்ந்தேன் என்றால், புதுப் பல்லுக்கு.

எங்கள் கம்பெனியில் அதுதான் வழக்கம். கழுத்துப்பட்டி கோணலாகப் போய்விட்டால் செக்கிங் அக்கா பீஸைத் திருப்பி வீசுவார். பிரித்து எடுத்துவிட்டு, புதுப் பட்டி வைத்து அங்கேயே தைத்துக் கொடுத்துவிடுவோம். புதுசு கையில் இல்லாமல் யாராவது பழையதைப் பிரிப்பார்களா? ஆஸ்பத்திரியிலும் அப்படித்தான் என்று நினைத்தேன். உள்ளே பெட்டி பெட்டியாகப் பல் இருக்கும், அளவு பார்த்து மாட்டி விடுவார்கள் என்று ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன்.

பெருக்க வந்த அம்மா, "ஏனுங்க, இன்னும் போகலீங்களா? வலிக்குதுங்களா?" என்றார். வாயில் பஞ்சு. விரலால் பல்லைக் காட்டி, பிறகு மாட்டுகிற மாதிரி சைகை செய்தேன். அவர் பயந்துபோய் டாக்டரைக் கூட்டி வந்தார். நான் பஞ்சை எடுத்துவிட்டு விஷயத்தைச் சொன்னேன்.

அந்தப் பெண் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் பரவாயில்லை.

"சார், ஈறு ஆறவே ரெண்டு மூணு மாசம் ஆகும். அப்புறம் அளவெடுத்து, மேல எழுதி அனுப்பி, அனுமதி வந்தாத்தான் கார்டுல செட்டு. அந்தத் தாள்லயே போட்டிருக்கே சார். போர்டுலயும் இருக்கு."

திரும்பிப் போகும்போது போர்டைப் பார்த்தேன். பொடி எழுத்து இரண்டு வரியும் அதைத்தான் சொன்னது.

வீட்டில் சரசு என் வாயைப் பார்த்துவிட்டு முதலில் யாரோ அடித்துவிட்டார்கள் என்று நினைத்தாள். விஷயம் தெரிந்ததும், "நாலையுமா? ஒண்ணு ரெண்டையாவது மிச்சம் வெக்கறதுக்கு என்ன?" என்று தலையில் கை வைத்துக்கொண்டாள். தனியார் பல் டாக்டர் ஒருவரிடம் ஓடினோம். "புடுங்கறதுக்கு முந்தி வந்திருந்தா அளவெடுத்து ஏதாச்சும் பண்ணியிருக்கலாமுங்க. இந்த வீக்கத்துல ஒண்ணும் முடியாதுங்க" என்றார்.

மஞ்சுதான் நிதானமாக இருந்தாள். "அப்பா, அவிய கிட்டச் சொல்லிப்போடலாம். பல்லுப் போனது ஒரு குத்தமா?"

"மானம் போயிரும் கண்ணு."

பல் இல்லாமல் பேசினால் எனக்கு 'ச' எல்லாம் காற்றாகப் போனது. எச்சில் முன்னால் போய் விழுந்தது. நாற்பது பேர் சபையில் இந்த வாயைத் திறப்பதா? மாஸ்க் போடலாம் என்றால் பந்தியில் சாப்பிட வேண்டும். இரண்டு நாள் யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தேன். மௌன விரதம். முருகனுக்கு வேண்டிக்கொண்டு நான் பேசாமல் இருக்கிறேன். எனக்குப் பதிலாகச் சரசு பேசிக்கொள்வாள்.

"சாமி பேருல பொய் சொல்றதா? நல்லா இருக்குதுங்க நியாயம்" என்றாள் சரசு. ஆனால் அவளுக்கும் வேறு வழி தெரியவில்லை. மஞ்சு எழுந்து உள்ளே போய்விட்டாள். அப்போதாவது எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை அவர்கள் இரண்டு வேனில் வந்து இறங்கினார்கள். நான் கும்பிட்டேன், வாயை இறுக மூடிக்கொண்டு. சரசு விரதத்தைச் சொன்னாள். நாச்சிமுத்துவுக்கு அப்படி ஒரு சந்தோஷம். பக்தியுள்ள இடம் என்று அவர் வீட்டம்மாவிடம் மெதுவாகச் சொன்னது எனக்குக் கேட்டது. எனக்காக அவருடைய ஆட்களும் குரலைத் தாழ்த்திப் பேசினார்கள்.

"எத்தன நாளுங் விரதம்?" என்றார்.

நான் பத்து விரலைக் காட்டினேன். அதே நேரத்தில் சரசு, "ஒரு மண்டலமுங்க" என்றாள்.

அவர் என் விரல்களைப் பார்த்தார், சரசுவைப் பார்த்தார்.

தட்டு வைத்தாகிவிட்டது. வெற்றிலை, பாக்கு, மஞ்சள், தேங்காய், பழம், சேலை. ஊர்ப் பெரியவர் ஒருவர் பேரெல்லாம் சொல்லி முடித்து என் பக்கம் திரும்பினார். எல்லோரும் திரும்பினார்கள். நான் தலையை ஆட்டினேன்.

நாச்சிமுத்து முகத்தில் இருந்த சிரிப்பு போய்விட்டது.

"ஒரே ஒரு வார்த்தைங். சொல்லீட்டு மறுபடியும் விரதம் இருந்துக்கங். நல்ல காரியத்துக்கு சாமி கோவிச்சுக்காதுங்."

தலையை ஆட்டினேன். இந்தத் தடவை பக்கவாட்டில். பிறகு ஒரு காகிதத்தை எடுத்து 'சம்மதம்' என்று எழுதி இரண்டு கையாலும் நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"காயிதம் எதுக்குங்? பொண்ணைப் பெத்தவருக்கு வாய் வரலைன்னா மனசுலயும் இல்லீன்னுதானுங் அர்த்தம். ஏற்கெனவே ஒருதரம் பட்டவன் நான்." துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். அவர் எழுந்ததும் அவர் பக்கத்து ஆட்களும் எழுந்தார்கள்.

மஞ்சு என்னைப் பார்ப்பாள் என்று நினைத்தேன். பார்க்கவில்லை. அந்தச் சேலைத் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். யாரோ அதைத் தூக்கிக்கொண்டு போகப்போகிறார்கள் என்பது போல.

"இருங்க" என்றேன்.

வாயைக் கையால் பொத்திக்கொண்டுதான் சொன்னேன். அவர் நின்றார். "கைய எடுங்" என்றார்.

எடுத்தேன். "விரதமெல்லாம் இல்லீங்க. பல்லுப் போச்சுங்க. கார்டுல சும்மாப் புடுங்கறாங்கன்னு நாலையும் புடுங்கிக்கிட்டனுங்க. செட்டும் அன்னைக்கே கெடைக்கும்னு நெனச்சுப்போட்டனுங்க." ஒவ்வொரு 'ச'வும் சீட்டி அடித்தது. ஒரு துளி எச்சில் நேராகப் போய் அவர் வைத்த தேங்காயின் மேல் விழுந்தது. சபையில் பின்னாலிருந்து ஒரு அத்தை களுக்கென்று சிரித்தார். அது பரவி, வீடே சிரித்தது. வீடியோக்காரர் கேமராவோடு குலுங்கினார்.

நாச்சிமுத்து மட்டும் சிரிக்கவில்லை.

"பல்லுப் போனாப் போகுதுங். சாமி பேரச் சொல்லிப் பொய் சொல்லலாமுங்களா? பொய் சொன்ன வாயி சொல்ற வார்த்தைய நான் எதை வெச்சு நம்பறதுங்?"

சிரிப்பு நின்றுவிட்டது. பல் போனது தெரிந்தபோது பட்ட வெட்கம் வேறு. இது வேறு. அவர் வருகிறார் என்று பத்து நாள் பலகாரம் செய்த சரசுவும், ஒரு வருஷம் காத்திருந்த மஞ்சுவும், என் கூச்சத்துக்குக் காவலாகப் பொய்யில் நின்றுகொண்டிருந்தார்கள்.

"தப்புங்க" என்றேன். "அதுக்கு என்ன சொன்னாலும் செய்யறனுங்க. என்ற பொண்ண உங்க பையனுக்குக் குடுக்க எனக்கு முழுச் சம்மதமுங்க."

அவர் என் வாயையே பார்த்தார்.

"மறுக்காச் சொல்லுங்."

சொன்னேன்.

"பின்னால இருக்கறவியளுக்குக் கேக்கலைங்."

மூன்றாவது தடவை, என் வாழ்க்கையில் பேசியதிலேயே சத்தமாக, நான்கு பல்லுக்கான சந்து முழுக்கத் தெரியும்படி சொன்னேன். நாச்சிமுத்து உட்கார்ந்தார். துண்டால் தேங்காயைத் துடைத்துவிட்டுத் தட்டை எடுத்து என் கையில் கொடுத்தார். மஞ்சு அப்போதுதான் என்னைப் பார்த்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை.

வைகாசியில் கல்யாணம். அந்தப் போட்டோக்களில் எல்லாம் நான் அந்தப் பல் சந்தோடுதான் நிற்கிறேன். மறைக்க ஒன்றும் மிச்சமில்லை. ஆனியில் அனுமதி வந்து, அதே டாக்டர் பெண் செட்டை மாட்டிவிட்டது. (இந்தத் தடவை மகளுக்குக் கல்யாணம் ஆனதைச் சொன்னேன். வாழ்த்துச் சொன்னது. "சரிங்க" என்றேன். அவ்வளவுதான், செத்துப் போய்விடவில்லை.)

புதுப் பல்லோடு முதன்முதலாக ஊத்துக்குளி போனது, மஞ்சுவை ஆடிக்கு அழைத்து வர. வேட்டி கட்டி, கொஞ்சம் மிடுக்காகவே போனேன். "கூட்டிட்டுப் போய்ட்டு, மாசம் பொறந்ததும் கொண்டாந்து உட்டுர்றனுங்க" என்றேன். ஒரு 'ச'வும் சீட்டி அடிக்கவில்லை.

சம்பந்தி மோர் டம்ளரைக் கீழே வைத்தார். முகத்தில் ஒரு அசைவு இல்லை.

"பல்ல வெச்சுட்டுச் சொன்னாச் செல்லாதுங் சம்பந்தி. கழட்டீட்டுச் சொல்லுங்."

உள்ளே மஞ்சுவும் மாப்பிள்ளையும் சிரிக்கிற சத்தம் கேட்டது. நான் சுவர்ப்பக்கம் திரும்பி, செட்டைக் கழற்றி உள்ளங்கையில் மறைத்துக்கொண்டு, மறுபடியும் சொன்னேன். அன்றிலிருந்து அந்த வீட்டில் நான் கொடுக்கிற வாக்கு எதுவானாலும், சாப்பாட்டுக்கு இருக்கிறேன் என்பதானாலும்கூட, இப்படித்தான் கொடுக்க வேண்டியிருக்கிறது.