ரோலரை ஒப்படைத்த விவரம்

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

வணக்கம். இங்கு யாவரும் சௌக்கியம். என் முழங்கால் மட்டும் தனிக்கட்சி நடத்துகிறது. தங்கள் வீட்டிலும் அனைவரும் நலமாக இருக்க வேண்டுகிறேன். உங்கள் மகன், அதாவது எங்கள் மாப்பிள்ளை, ஒர்க்‌ஷாப்புக்கு லீவு போட்டுவிட்டு உடம்பெல்லாம் கிரீஸோடு வீடு திரும்புவதற்கு நான்தான் காரணம் என்று நீங்கள் கோபமாக இருப்பதாக மகள் சொன்னாள். கோபம் நியாயமே. ஆனால் நடந்ததைக் கேட்டுவிட்டுத் திட்டுங்கள்.

நான் நகராட்சியில் ரோடு ரோலர் ஓட்டி ஓய்வு பெற்றதும், என் பென்ஷனையும் பணிக்கொடையையும் நிறுத்தி வைத்ததும், நான் வழக்குப் போட்டதும் தாங்கள் அறிந்ததே. "யானையோட மல்லுக்கட்டாதீங்க சம்பந்தி" என்று அன்றே சொன்னீர்கள். யானையாக இருந்தால் கரும்பைக் காட்டியாவது சமாளித்திருப்பேன். ரோலர் பழுதாகி நீரேற்று நிலையத்துக்குப் பின்னால் நின்றது. மெக்கானிக்கை அனுப்புங்கள் என்று கேட்டுக் கேட்டு என் வாய் வலித்ததுதான் மிச்சம். மெக்கானிக் வருவதற்குள் என் ஓய்வு வந்துவிட்டது. இப்போது என்னவென்றால், ரோலர் நகராட்சி ஸ்டோரில் இல்லையாம், ஆகவே என்னிடம்தான் இருக்க வேண்டுமாம், அதை ஒப்படைத்தால்தான் பணமாம். கோர்ட்டில் அவர்கள் வக்கீல் இதைச் சொன்னதும் எனக்குப் பொறுக்கவில்லை. "அதை என்ன, கட்டிலுக்கு அடியிலயா வச்சிருக்கேன்?" என்று கத்திவிட்டேன். நீதிபதி அம்மா சிரிப்பை அடக்கிக்கொண்டு, இடத்தைப் பார்த்து வரும்படி இலாகாவுக்கு உத்தரவிட்டார். போன ஓவர்சியர் திரும்பி வந்து, "அங்க ஒரு புதர்தாம்மா இருக்கு" என்றார். "அந்தப் புதருக்குள்ளதானே ஐயா ரோலரே இருக்கு!" என்றேன் நான். "அப்ப நீங்களே கொண்டுவந்து காட்டுங்க" என்று என்னிடம் சொல்லிவிட்டார் நீதிபதி அம்மா.

மாப்பிள்ளையை நான் கூப்பிடவில்லை. விஷயம் கேள்விப்பட்டு அவராகவே ஸ்பானரோடு வந்து நின்றார். கொடியை வெட்டி, இருக்கைக்கடியில் குடித்தனம் நடத்திய பூனையையும் குட்டிகளையும் வேறு இடம் பார்த்து வைத்து, இஞ்சினைத் திறந்து பார்த்து, "மாமா, இது சாகல, தூங்குது" என்றார். அது இருமி, கரும்புகை கக்கி எழுந்தபோது என்னை அப்படியே கட்டிப்பிடித்துவிட்டார். என் ஒரே நல்ல சட்டை அங்கேயே காலி. மறுநாள் கோர்ட்டுக்குக் கிளம்பினோம். ரோலரின் வேகம் தங்களுக்குத் தெரியாததல்ல. கூடவே நடந்து வந்த என் மனைவி, வழியில் கடைக்குள் போய்ப் பேரம் பேசிக் காய்கறி வாங்கிவிட்டு வந்தும் எங்களைப் பிடித்துவிட்டாள். பாதி வழியில் ஏறிக்கொண்ட என் வக்கீல் தேர்தலில் ஜெயித்தவர் மாதிரி இருபுறமும் கையசைத்தார். கோர்ட் வாசலில் ஜன்னலெல்லாம் கிடுகிடுத்தது. நீதிபதி அம்மா எட்டிப் பார்த்து, "இதுதானா உங்க புதர்?" என்று ஓவர்சியரைக் கேட்டார்.

"ஒப்படைச்சாச்சுன்னு எழுதிக்குங்க. இந்த மாசத்துக்குள்ள இவருக்குச் சேர வேண்டியதையெல்லாம் கொடுத்தாகணும்." உத்தரவு அவ்வளவுதான். "கிடைக்கும்ங்க, கிடைக்கும்ங்க" என்று இத்தனை நாள் எனக்குத் தைரியம் சொன்ன என் மனைவி, கிடைத்துவிட்டது என்றதும் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். எனக்கும் கண்ணில் புகை பட்டுவிட்டது.

ஆகவே மாப்பிள்ளையைக் கோபிக்காதீர்கள். அவர் இல்லாவிட்டால் நான் இன்னும் புதருக்குள்தான். இனி ரோலர் பக்கமே தலைவைத்துப் படுப்பதில்லை என்று மனைவிக்குச் சத்தியம் செய்துவிட்டேன். சம்பந்தியம்மாவுக்கு என் வணக்கம். குழந்தைகள் தீர்க்காயுசாக இருக்கட்டும்.

தங்கள் அன்புள்ள,
சம்பந்தி

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது ஓவர்சியரே வீட்டுக்கு வந்துவிட்டார். ரோலர், நீதிபதி அம்மா கார் நிறுத்தும் இடத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறதாம். "நீங்க வந்தாத்தாங்க அது நகரும்" என்று கெஞ்சுகிறார். "பாவம், போயிட்டு வாங்களேன்" என்று என் மனைவியே சத்தியத்தை ரத்து செய்துவிட்டாள். நாளைக் காலை ஸ்டோருக்குப் போகிறோம். மாப்பிள்ளையும் வருகிறார், இன்னும் ஒரே ஒரு நாள் லீவு; இந்தக் கடிதத்தையும் இன்றே அவரிடம் கொடுத்தனுப்புகிறேன். உங்கள் தெரு வழியாகத்தான் போக வேண்டும். நகராட்சிக்காரர்கள் வாசலில் ஜல்லியைக் கொட்டிவிட்டுத் திரும்பியே பார்க்கவில்லை என்று புலம்புவீர்களே, போகிற போக்கில் அதை நன்றாக அழுத்திவிட்டுப் போகிறேன். தங்கள் ஸ்கூட்டரை மட்டும் தயவுசெய்து உள்ளே எடுத்து வைத்துவிடவும்.