இலை மார்க்காவும் முப்பது மேலங்கிகளும்

ஒரு தப்பைச் செய்வது சுலபம். செய்த தப்பை ஆயுள் முழுக்க விருந்தாளிகளுக்குச் சொல்லிக்கொண்டிருப்பதுதான் கஷ்டம். வீட்டுக்கு வந்தவர் காப்பியைக் கீழே வைப்பதற்குள், “அந்த ரக்பிக்காரங்க கதையச் சொல்லுங்க” என்று என் மனைவி பிரகாசி ஆரம்பித்துவிடுவாள். நான் பாதி சொல்வதற்குள் மீதியை அவளே சொல்லி முடிப்பாள். எனக்கு அலுத்துவிட்டது. ஒரே தடவையாக எழுதிவைக்கிறேன். இனிமேல் கேட்பவர்களிடம் காகிதத்தை நீட்டிவிடலாம்.

உலகச் சண்டை முடிந்தும் துணிக்கு ரேஷன் முடியாத காலம் அது. எனக்கு இருபத்து நாலு வயது. தூத்துக்குடியில் ஒரு வெள்ளைக்காரக் கப்பல் ஏஜென்சியில் குமாஸ்தா. எங்கள் கடல் ஆழமில்லாதது என்பதால் கப்பல்கள் ஐந்தாறு மைல் தள்ளியே நிற்கும்; சரக்கு தோணியில்தான் போய்வரும். எந்தச் சரக்கு எந்தத் தோணியில் ஏற வேண்டும் என்று சொல்வது என் வேலை. ஏற்றுகிறவர்களுக்கு எழுத்துத் தெரியாது; மூட்டைமேல் போட்டிருக்கும் மார்க்காதான் கணக்கு. நங்கூரம் போட்டால் ஒரு வியாபாரி, நட்சத்திரம் போட்டால் இன்னொருவர். மருந்துக்குப் போகிற நிலாவாரை இலையை ஏற்றுமதி செய்கிறவருக்கு இலை மார்க்கா.

எனக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. பெண் பிரகாசி. அவள் அப்பா சவேரி மாமா கோயிலில் ஆண்கள் பக்தசபைக்குத் தலைவர். எங்கள் கத்தோலிக்க வழக்கப்படி, கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிற்றுக்கிழமை பூசையில் ஓலை வாசிப்பார்கள். ‘இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதாவது தெரிந்தவர்கள் சொல்லலாம்’ என்று சாமியார் ஊரறியக் கேட்பார். எங்களுக்கு இரண்டு ஓலை வாசித்தாயிற்று. மூன்றாவது பாக்கி.

அந்த வாரத்தில்தான் ரக்பி வந்தது. கோடைச் சுற்றுப்பயணம் கிளம்பிய ஒரு தேசத்தின் அணி, கப்பல் பழுதாகிக் கொழும்பில் முடங்கிக் கிடந்தது. (எந்த தேசம் என்று சொல்ல மாட்டேன். அவர்களாவது மறந்து நிம்மதியாக இருக்கட்டும்.) எங்கள் ஊர் மில் துரைமாரும் ஏஜென்சி துரைமாரும் சேர்ந்து, சும்மா இருப்பதற்கு இங்கே வந்து ஒரு ஆட்டம் ஆடிக் காட்டுங்கள் என்று அழைத்துவிட்டார்கள். எதிர்த்து ஆட உள்ளூரில் ஆள் இல்லை. துரைமாரில் ஓடக்கூடியவர்கள் மூன்று பேர். அதில் ஒருவருக்கு வாதம். ஆகவே வந்த முப்பது பேரும் இரண்டாகப் பிரிந்து தங்களுக்குள்ளேயே ஆடுவதாக ஏற்பாடு.

வெள்ளிக்கிழமை காலை பம்பாய் போகிற ஸ்டீமரில் வந்து லாஞ்சில் கரை இறங்கினார்கள். ஆளைத் தூக்கி எறிகிற பயில்வான்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன். வந்தவர்களைக் கடல் புரட்டி எடுத்திருந்தது. முப்பது பேரும் சரக்குக் கொட்டகை நிழலில் முகம் வெளிறிப் படுத்துவிட்டார்கள். அவர்களுடைய பதினெட்டுக் கறுப்பு டிரங்குப் பெட்டிகளும் தோணியில் வந்து மேடையில் இறங்கின. பக்கத்திலேயே, அதே ஸ்டீமரில் ஏற வேண்டிய நிலாவாரை மூட்டைகள். மேற்கேயிருந்து கச்சான் காற்று புழுதியை வாரி இறைத்துக்கொண்டிருந்தது. நானும் அவர்களுக்குப் பக்கத்தில் ஒரு தூணில் சாய்ந்து கண்ணை மூடினேன்.

“என்னென்னத்த ஏத்தணும்வே?” என்று தோணியை ஓட்டுகிற தண்டல் மிக்கேல் கேட்டது காதில் விழுந்தது.

“இலை மார்க்கா எல்லாத்தையும் ஏத்தும்.”

“எல்லாத்தையுமா?”

“எல்லாத்தையும்தான், அண்ணாச்சி.” (இவ்வளவு உறுதியாக நான் அதற்கு முன்பும் பேசியதில்லை, பின்பும் பேசியதில்லை.)

மத்தியானம் அவர்களுடைய கேப்டன் எழுந்து வந்து பெட்டிகளைக் கேட்டார். நான் மிக்கேலிடம் கேட்டேன்.

“இலை போட்ட பொட்டிதான? ஏத்தியாச்சே.”

“எதுல?”

“கப்பல்லதான். நீருதானவே சொன்னீரு? நான் ரெண்டு தடவை கேட்டேம்லா?”

அந்த அணியின் சின்னம் ஒரு இலை. பெட்டிக்குப் பெட்டி வெள்ளைப் பெயிண்டில் அழகாக வரைந்திருந்தார்கள். நான் கடலைப் பார்த்தேன். தூரத்தில் ஸ்டீமரின் புகை மட்டும் தெரிந்தது. ஆட்டச் சட்டை, பூட்ஸ், மாற்றுத்துணி எல்லாம் பம்பாய்க்குப் போய்க்கொண்டிருந்தன. கேப்டன் குழந்தை மாதிரி கக்கத்தில் இடுக்கியிருந்த முட்டை வடிவப் பந்து ஒன்றுதான் மிச்சம். இனி அவர்களிடம் ஆளுக்கு ஒரு சட்டை. அதிலும் வழியெல்லாம் வாந்தி எடுத்திருந்தார்கள்.

எங்கள் துரை கத்தவில்லை. நாளை சாயங்காலம் நாலரை மணிக்கு முப்பது பேருக்கும் மேலே போட ஏதாவது வேண்டும், இல்லையென்றால் திங்கட்கிழமை நீ வர வேண்டாம் என்று மெதுவாகச் சொன்னார். வேலையில்லாத பயலுக்குச் சவேரி மாமா பெண் கொடுக்க மாட்டார். எனக்குப் பிரகாசியை மிகவும் பிடித்திருந்தது. அதுவரை அவளோடு ஒரு வார்த்தைகூடப் பேசியதில்லை என்றாலும் பிடித்திருந்தது.

ரேஷன் காலத்தில் முப்பது சட்டைத் துணிக்கு எங்கே போவது? சனிக்கிழமை காலை முழுக்கத் துணிக்கடைக்காரர்கள் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். அப்போதுதான் பக்தசபையின் மேலங்கிகள் ஞாபகம் வந்தன. திருவிழாச் சப்பரத்துக்கு முன்னால் சபைக்காரர்கள் போட்டு நடக்கிற சிவப்புப் பட்டு அங்கி. கழுத்தில் நாடாக் கட்டி, தோளிலிருந்து இடுப்பு வரை தொங்கும். உள்பக்கம் வெள்ளைத் துணி. பதினைந்து பேர் நேராகவும் பதினைந்து பேர் திருப்பியும் போட்டால் இரண்டு அணி. என் மூளையை நானே மெச்சிக்கொண்டு சவேரி மாமா வீட்டுக்குப் போனேன்.

“முப்பது அங்கியா? எதுக்குல?”

“ஊருக்கு வந்திருக்க தொரைமாருக்கு, மாமா.”

“அதப் போட்டுட்டு என்ன செய்வாக?”

பொய் சொல்லக் கூடாது என்று நினைத்தேன். “எல்லாரும் வட்டமா கூடி, ஒருத்தர் தோள்மேல ஒருத்தர் கையப் போட்டு, தலையக் குனிஞ்சு நிப்பாக மாமா.”

சவேரி மாமாவுக்குக் கண் கலங்கிவிட்டது. “ஜெபமா? கப்பல் காத்துல அம்புட்டுப் பாடுபட்டு வந்துமா?”

நான் இருமினேன். அவர் அதை ஆமாம் என்று எடுத்துக்கொண்டார்.

கதவுக்குப் பின்னாலிருந்து பிரகாசியின் குரல் கேட்டது. “அப்பா, அவுக பந்தாடத்தான வந்திருக்காக?”

“நீ உள்ள போளா” என்று சொல்லிவிட்டு அவர் பெட்டியைத் திறந்தார். கற்பூர வாசனையோடு முப்பது அங்கிகளையும் எண்ணி, ஒவ்வொன்றையும் முத்தமிட்டு என் கையில் கொடுத்தார்.

நாலரை மணிக்குத் துரைமார் கிளப் மைதானத்தில் சிப்பிச் சுண்ணாம்பால் கோடு போட்டு, கோல் கம்பத்துக்குத் தோணிப் பாய்மரக் கழிகளை நட்டிருந்தார்கள். முப்பது வெள்ளைக்காரர்கள் காற்சட்டையை முழங்காலுக்கு மடித்து, வெற்று மேனியில் பட்டு அங்கியோடு வந்து நின்றார்கள். அதுவரைக்கும் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. அப்போது வேலிக்கு வெளியே, வெள்ளை வேட்டியும் கையில் ஜெபமாலையுமாகச் சபைக்காரர்கள் பத்துப் பன்னிரண்டு பேரோடு சவேரி மாமா வந்து சேர்ந்தார். அந்நிய தேசத்து ஜெபத்தில் கலந்துகொள்ள வந்திருந்தார்கள்.

இரு பக்கத்தாரும் தோளோடு தோள் கோத்துத் தலையைக் குனிந்தார்கள். “ஆரம்பிச்சாச்சு” என்று சவேரி மாமா முழங்காலில் நின்று சிலுவை போட்டார். சபையும் முழங்காலில் நின்றது. அடுத்த நிமிஷம் எல்லாருமாக ஒருவரையொருவர் முட்டித் தள்ள ஆரம்பித்தார்கள்.

“ஏலே, ஜெபத்துல எதுக்குல தள்ளுதானுவ?”

சவேரி மாமாவுக்கு நான் பதில் சொல்வதற்குள் பந்து வெளியே வந்துவிட்டது. ஓடுகிறவனைப் பிடித்துக் கீழே தள்ளுவதுதான் அந்த ஆட்டம். சாதாரணச் சட்டையென்றால் பிடி கிடைக்காமல் வழுக்குமாம். அங்கிதான் பின்னால் பறக்கிறதே, பிடித்து இழுக்க அதைவிட வசதி எது? சர்ரென்று முதல் பட்டு கிழிந்த சத்தம் எனக்கு இன்றைக்கும் கேட்கிறது. அப்புறம் சத்தம் நிற்கவில்லை. துரைமார் நாற்காலிமேல் ஏறிக் கைதட்டினார்கள். எங்கள் துரை என் முதுகில் தட்டினார். என் வேலை நிலைத்துவிட்டது.

ஆட்டம் முடிந்ததும் சவேரி மாமா மைதானத்துக்குள் போய், சுண்ணாம்பிலும் புழுதியிலும் கிடந்த துண்டுகளை ஒவ்வொன்றாகக் குனிந்து பொறுக்கினார். அவர் என்னை அடித்திருந்தால் தேவலை. நானும் கூடவே பொறுக்கினேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. எண்ணிப் பார்த்தால் இருபத்தொன்பதுதான் இருந்தது. சவேரி மாமாவின் சொந்த அங்கியை, கொஞ்சமும் கிழியாமல், கேப்டன் ஞாபகார்த்தமாகக் கொண்டுபோயிருந்தார்.

மறுநாள் ஞாயிறு. சாமியார் எங்கள் மூன்றாவது ஓலையை வாசித்து, தடை உண்டா என்று கேட்டார். முன்வரிசையில் சவேரி மாமா எழுந்து நின்றார்.

“தடை ஒண்ணு உண்டு, சாமி. சபை அங்கி இருவத்தொம்பதும் கந்தலாக் கெடக்கு. திருவிழாக்கு முன்ன இந்தப் பய தன் கையாலயே அம்புட்டையும் தச்சுத் தரணும். தச்சான்னா தடை இல்ல.”

“அப்படி ஒரு தடை கோயில் சட்டத்துல இல்லையே, சவேரி.”

“எங்க வீட்டுச் சட்டத்துல இருக்கு, சாமி.”

தினமும் வேலை முடிந்து அவர் வீட்டு முன்னறையில் உட்கார்ந்து தைத்தேன். விரல் பத்திலும் ஊசி ஏறியது. மூன்றாம் நாள் பிரகாசி நூல்கண்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, முதன்முதலாக என்னோடு பேசினாள். “ஊசி பிடிக்கத் தெரியல, பொட்டியப் பாத்து அனுப்பத் தெரியல. ஒங்களுக்கு என்னதான் தெரியும்?”

“பொய் சொல்லத் தெரியும்.”

“அதுவும் சரியா வரலியே” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

திருவிழாவுக்கு முந்தின நாள் இருபத்தொன்பதாவது அங்கியை முடித்தேன். தையல் எல்லாம் கோணல். இருந்தாலும் சபை அதைப் போட்டுக்கொண்டு நடந்தது. சவேரி மாமா மட்டும் வெறும் வேட்டி சட்டையோடு நடந்தார். புது அங்கி தைத்துத் தருகிறேன் என்று வருஷா வருஷம் கேட்டேன், கடைசிவரை சம்மதிக்கவில்லை. யாராவது கேட்டால், “என்னுது வெளிநாட்டுக்கு ஜெபத்துக்குப் போயிருக்கு” என்பார். அதைச் சொல்லும்போது என் பக்கம் திரும்ப மாட்டார். அது எனக்கு ஒவ்வொரு வருஷமும் வலித்தது.

என் மூத்த மகளுக்கு மூன்றாவது ஓலை வாசித்த அன்று, தடை உண்டா என்று சாமியார் கேட்டார். சொல்லி வைத்தது போல் கோயிலில் இருந்த அத்தனை பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். நான் பெஞ்சியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பெண்கள் பக்கத்திலிருந்து பிரகாசி, சாமியார் பார்க்காதபடி, துணியில் ஊசியை இழுப்பது போல் விரலை அசைத்துக் காட்டிவிட்டு, தடை இல்லை என்பது போல் தலையை ஆட்டினாள். மாப்பிள்ளைக்குத் தைக்கத் தெரியுமா என்று பெண் பார்க்க வந்த அன்றே அவள் கேட்டிருந்தாள். தெரியும் என்றாராம்.