கை மட்டும் மாறிய சோதனை

நம் கரையில் சோதனைக்காரர் என்றொரு இனம் உண்டு. தீர்ப்பை முதல் நாளே மடியில் முடிந்துகொண்டு, மறுநாள் சோதனைக்கு உட்காருகிறவர்.

அக்காள்மடத்துக் கருவாட்டு முதலாளி பூமிநாதன் இந்த இனத்தில் நன்றாக விளைந்த உருப்படி. பள்ளி ஆண்டுவிழாவுக்குத் தலைமை தாங்கப் போன இடத்தில் விஞ்ஞான வாத்தியார் சொன்ன விதி ஒன்று அவர் காதில் விழுந்துவிட்டது: ஒரு காரணத்தைச் சோதிக்க வேண்டுமா? அதை மட்டும் மாற்று; விளைவைக் கவனி; மற்றதெல்லாம் ஒன்றுபோல் இருக்கட்டும். விடுவாரா? மாற்றவேண்டியது எது என்று அவருக்கு அங்கேயே தெரிந்துவிட்டது: மீனுக்கு உப்புப் போடும் இருளம்மாள். அவள் வேலையை மைத்துனன் தவசிக்குக் கொடுக்கும்படி வீட்டில் வெகுநாளாக நச்சரிப்பு. அவளுக்குக் கைராசி இல்லையென்று ருசுவானால் போதும்.

மாற்றுவது கை. கவனிப்பது புழு. மற்றதெல்லாம் ஒன்றே என்று ஊரைக் கூட்டி அறிவித்துவிட்டு, இருளம்மாளுக்கு முந்தின நாள் சாளை மீனையும், கசிந்து கிடந்த அடிமூட்டை உப்பையும், கொட்டகை நிழலையும் ஒதுக்கி, தவசிக்கு அன்று விடியலில் கரையேறிய சாளையையும், புது உப்பையும், வெயில் சுள்ளென்று அடிக்கும் மணலையும் கொடுத்தார். இருளம்மாள் குவியலில் புழு நெளிந்தது. நெளியாதா?

"பாத்தீகளா, கைதான்" என்றார்.

கீழக்கரையிலிருந்து கருவாடு வாங்க வந்திருந்த வாவு முகம்மது, "ரெண்டும் ஒரே நாள் மீனா, மொதலாளி?" என்றார்.

"மீன்னா மீன்தான், பாய்."

இருளம்மாள் கையைத் தட்டிக்கொண்டு எழுந்தாள். "உங்க வீட்டுக் கொழம்புக்குப் போறதும் இந்தக் கை போட்ட கருவாடுதான். அதுல மட்டும் ராசி இருந்துச்சாக்கும், அய்யா?"

அது சோதனையில் சேராது. மறுநாள் முதல் அவளுக்கு வேலையும் இல்லை.

ஐப்பசி பிறந்தது. தவசியின் குவியல் முழுக்கப் புழு.

"கைதானே, மொதலாளி?" என்றார் வாவு முகம்மது.

அன்றைக்குப் பூமிநாதனுக்கு விஞ்ஞானம் ஊற்றெடுத்தது. "கையை மட்டும் பாத்தா ஆச்சா, பாய்? மீனு நேத்து மீனு. உப்பு கசிஞ்சு கெடக்கு. வெயிலு எங்கன அடிக்கிது? எல்லாத்தையும்ல பாக்கணும்."

"அப்ப இருளம்மாளைத் திருப்பிக் கூப்பிடுவீக."

"அது வேற. அது ருசுவான விசயம்."

சிரிக்கிறீர்கள். நல்லது. அப்படியே உங்கள் வீட்டிலும் ஒரு சின்னச் சோதனை. உடைந்தது அதே சட்டி, அடுப்படியும் அதே அடுப்படி. உடைத்தவளை மட்டும் மாற்றுங்கள். மருமகளை எடுத்துவிட்டு மகளை வையுங்கள். தீர்ப்பும் கூடவே மாறுகிறதா? எதற்கும் வாசலில் கருவாட்டு வாசம் அடிக்கிறதா என்று ஒருமுறை மோந்து பாருங்கள்.