சேலை கட்டிய சுவர்

கிள்ளான்,
ஆஸ்பத்திரி தாழ்வாரம்,
திங்கள் காலை.

சுபாங் ஜெயாவிலிருக்கும் மதிப்பிற்குரிய சம்பந்தி இராமலிங்கம் அவர்களுக்கு, தம்புசாமி இரு கையும் கூப்பி எழுதிக்கொள்வது. தாங்களும் சம்பந்தியம்மாளும் சௌக்கியமாக இருக்க மாரியம்மனை வேண்டுகிறேன். இங்கே நாங்களும் சௌக்கியம் என்று எழுதத்தான் பேனாவைத் திறந்தேன், கை வரவில்லை. மகள் தனலெட்சுமிக்கு விடியலில் வலி கண்டு உள்ளே கொண்டுபோய்விட்டார்கள். போனில் சொல்லத் தைரியம் இல்லாத ஒன்றை இந்தத் தாளில் கொட்டி மாப்பிள்ளை கையில் கொடுத்தனுப்புகிறேன். படித்துவிட்டு என்னைத் திட்டுங்கள், என் மகளை ஒன்றும் சொல்லாதீர்கள்.

எல்லாம் அந்தச் சுவரால் வந்த வினை. பேரப்பிள்ளையைப் பார்க்க நீங்கள் வரும்போது வீட்டு முகப்பு வெறும் சுண்ணாம்போடு நின்றால் மரியாதையா என்று நினைத்து, இப்போது எங்கள் தாமான் குடியிருப்பு முழுக்கப் போடுகிறார்களே, சிமெண்டுக் கலவையை வீசியடித்து முள்ளு முள்ளாக நிற்கவைக்கும் பூச்சு, அதைப் போட பாக் மான் என்ற கொத்தனாரை அழைத்தேன். அவர் பழைய பூச்சை உளியால் கொத்திவிட்டுக் கலவையைச் சளார் சளாரென்று அடித்தார். பலாப்பழத் தோல் மாதிரி அழகாகத்தான் வந்தது. பாதிச் சுவர் முடிந்திருக்கும், பக்கத்து வீட்டுச் சீனப் பெண்மணி லிம் ஆன்டி வேலியோரம் வந்து நின்றார். ரப்பர் தோட்டத்தில் நம்மவர்களோடு வளர்ந்தவர், தமிழ் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. "அங்கிள், ஒங்களுக்கு என்னா பைத்தியமாலா? மக வயித்தத் தள்ளிக்கிட்டு உள்ளாற படுத்திருக்கு, நீங்க செவுத்தக் கொத்துறீங்க! செவுத்துக்கு என்னா செய்றீங்களோ அதான் புள்ளைக்கும் வரும். எங்க ஆளுங்க ஒரு ஆணிகூட அடிக்க மாட்டாங்க" என்றார். நான் சிரித்து மழுப்பப் பார்த்தால் என் சம்சாரம் இராஜம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "நம்மள்ளயும் உண்டுதானே! புள்ளத்தாச்சி வீட்டுல கட்டட வேல ஆவாது. இது கட்டடம் இல்ல, அலங்காரம்னு சொல்லி என் வாய அடச்சீங்களே!"

அவ்வளவுதான் சம்பந்தி. போன தடவை வயிற்றில் தங்காமல் போனபோது என் மகள் அழுத அழுகை இன்னும் என் காதை விட்டுப் போகவில்லை. உடனே வேலையை நிறுத்தினேன். நிறுத்தினால் ஆன்டி விடுகிறாரா? "ஐயோ, பாதில விட்டா இன்னும் மோசம்லா! புள்ள பாதி வழவழன்னு வரும், பாதி இப்படி வரும்." மேலே அடிக்கவும் பயம், செதுக்கி எடுக்கவும் பயம், செதுக்கினால் மறுபடி கொத்த வேண்டுமே! பாக் மான் "தாப்பா, தாப்பா" என்று மலாயில் பரவாயில்லை சொல்லி என் முதுகைத் தட்டிவிட்டுக் கரண்டியைக் கழுவிக்கொண்டு போய்விட்டார். மகள் கண்ணில் படக்கூடாதென்று இராஜம்மா தன் சேலைகளை எடுத்து முகப்பு முழுக்கத் தொங்கவிட்டாள். போறவன் வாறவன் எல்லாம் துணிக்கடை தொறந்துட்டீங்களாண்ணே என்று கேட்கிறான். தனலெட்சுமியோ, "என்னாப்பா, செவுத்துக்கு வளகாப்பா?" என்று சிரித்தாள். எனக்குச் சிரிப்பா வரும்? யாரும் பார்க்காத நேரம் சேலைக்குள் கையை விட்டுத் தடவிப் பார்ப்பேன். கையில் குத்துகிற ஒவ்வொரு முள்ளும் பேரப்பிள்ளையின் கன்னமாகவே தோன்றும்.

ஆகவே சம்பந்தி, பிள்ளை பலாத்தோலோடு பிறந்தாலும் உங்கள் பிள்ளைதான். முகம் சுளிக்காமல் கையில் வாங்கிக்கொள்ளுங்கள். அந்தச் சுவரை இனி நான் ஏறெடுத்தும் பார்க்கமாட்டேன், இது மாரியம்மன் மேல் ஆணை. சம்பந்தியம்மாளுக்கு இராஜம்மாவின் வணக்கம். உங்கள் ஆசீர்வாதம் ஒன்றுதான் இப்போது எங்களுக்குத் துணை.

நடுக்கத்துடன்,
தம்புசாமி

பி.கு.: பேத்தி பிறந்துவிட்டாள், தாயும் நலம்! நர்ஸிடமிருந்து வாங்கி உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால் வரை தடவிப் பார்த்தேன், வெண்ணெய் தோற்றது போங்கள். வெட்கமில்லாமல் அழுதுவிட்டேன். மேலே எழுதியதைப் படித்த மாப்பிள்ளை வாசு விழுந்து விழுந்து சிரிக்கிறார். உங்கள் வீட்டு முன்தூண்களுக்கும் போன மாதம் இதே பூச்சாமே? இதே பயத்தில் பாதியில் நிறுத்திவிட்டு, எங்களிடம் மூச்சு விடாமல், சம்பந்தியம்மாள் தூணுக்குத் தூண் சேலை சுற்றி வைத்திருக்கிறாராமே? எங்கள் சுவரில் மீதியை முடிக்க பாக் மானுக்கு ஆள் அனுப்பிவிட்டேன். அப்படியே அங்கேயும் வரச் சொல்லட்டுமா? எங்கள் சுவருக்கு இனி சேலை வேண்டாம், உங்கள் தூண்களுக்கும்தான்.