பூர்வீகம் அண்ணை ஒரு நாட்டையே விசாரித்த கதை

நாங்கள் புலம்பெயர்ந்து வந்த கிங்ஸ்பரியில் குடியிருக்கும் எவருடைய கொள்ளுத்தாத்தாவும் பூர்வீகம் அண்ணையிடமிருந்து தப்பியதில்லை. "சுகமோ?" என்று கேட்பதற்கு முன் "எவடம்?" என்று ஊரைக் கேட்பார். வீட்டைச் சூடாக்கும் பொயிலர் திருத்த வந்த போலந்துக்காரரைச் சமையலறையில் இருத்தி மூன்று தலைமுறை விசாரித்தார். நாலாவது தலைமுறையில் அந்த மனிதர் கருவிப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். வீடு குளிர்ந்தே கிடந்தது. பல் வைத்தியர் வாய்க்குள் கருவியை வைத்திருந்தபோதும் அண்ணை "ஊ... ஆ?" என்று ஏதோ கேட்டார். அவரும் "குஜராத்" என்று பதில் சொன்னார்.

இப்படிப்பட்டவரின் ஒரே மகள் துளசி, தான் கலியாணம் செய்யப்போகிறவர் என்று லெவான் என்ற ஜோர்ஜியாக்காரரை வீட்டுக்குக் கூட்டி வந்தாள்.

யாழ்ப்பாணத்தில் மாப்பிள்ளையின் ஊருக்கு ஆள் அனுப்பி விசாரிப்பது வழக்கம். ஜோர்ஜியாவுக்கு யாரை அனுப்புவது? அண்ணை வெம்பிளி, இல்ஃபோர்ட் எல்லாம் கேட்டுப் பார்த்தார். அங்கே ஆளுள்ளவர் ஒருவரும் இல்லை. குடும்பத்தை விசாரிக்க வழியில்லாததால் அந்த இனத்தையே விசாரிப்பதென்று முடிவெடுத்தார்.

அன்று முதல் நூலகமே கதியென்று கிடந்தார். பின்னேரமானால் பக்கத்துத் தெருவில் இருக்கும் எனக்குப் போன் வரும்.

"தம்பி, ஒரு சிக்கல். அவையின்ர பாஷைக்குச் சொந்தக்காரர் இல்லை."

"விளங்கேல்லை, அண்ணை."

"பக்கத்தில ரஷ்யன், துருக்கி, ஆர்மீனியன் எல்லாரும் இருக்கினம். ஒருத்தற்ற பாஷையோடயும் ஒட்டில்லை. அயலோட ஒட்டில்லாத குடும்பமெண்டா, ஏதோ நடந்திருக்க வேணும்."

அடுத்த நாள் வேறு கவலை. "அவையள் தங்களை ஜோர்ஜியர் எண்டே சொல்லுறேல்லையாம். கார்ட்வெலியாம். ரெண்டு பேர் ஏன் வைக்கினம்?"

"ஆதி முன்னோர் ஆராம்?"

"கார்ட்லோஸ் எண்டு ஒரு பெரியவராம். அவருக்கு மேல போனா நோவா."

"நோவாவெண்டா நல்ல இடம்தானே?"

"எல்லாரும் அவரைத்தான் சொல்லுகினம். சாட்சி வேணுமே!"

கருங்கடல் கரையிலிருந்த அவர்களுடைய பழைய இராச்சியத்தை எட்டியதும் அண்ணையின் குரல் இறங்கிவிட்டது. அந்த நாட்டு அரசகுமாரி ஒருத்தி, கப்பலில் வந்தவனோடு, தகப்பனின் தங்க ஆட்டுத்தோலையும் எடுத்துக்கொண்டு ஓடிப்போனாளாம்.

"அது கிரேக்கர் கட்டின கதை, அண்ணை."

"ஊரில ஒரு கதை அடிபட்டா நாங்கள் விசாரிக்கிறேல்லையோ?"

இதில் எதையும் அவர் விளையாட்டாகச் சொல்லவில்லை. அவருக்குச் சோறு இறங்கவில்லை. "அப்பா ஓம் எண்டாத்தான் செய்வன். இல்லையெண்டா ஒருத்தரையும் செய்யமாட்டன்" என்று துளசி சொல்லியிருந்தாள். சொல்லிவிட்டு வழமைபோல ஷிப்டுக்குப் போய் வந்தாள். அந்த அமைதிதான் அவரை அதிகம் பயமுறுத்தியது.

லெவானுக்குத் தகப்பன் இல்லை. சம்பந்தம் பேசத் தாயும் பெரியப்பாவும் திபிலிசியிலிருந்து வந்தார்கள். பெண் வீட்டுப் பக்கத்துக்கு ஆள் வேண்டுமென்று அண்ணை என்னையும் இருத்தினார். அவர் மது தொடாதவர். ஆனால் ஜோர்ஜியர் விருந்தில் குடிப்பார்கள் என்று படித்திருந்தார். விஸ்கி கூடாது, வைன் அதிகம், பியர்தான் மரியாதை என்று அவரே தீர்மானித்து, புதுக் கண்ணாடிக் குவளைகளில் ஊற்றி வடைக்குப் பக்கத்தில் வைத்தார்.

பெரியப்பா வாழ்த்துச் சொல்ல எழுந்தார். குவளையைப் பார்த்தார். மெதுவாக உட்கார்ந்துவிட்டார்.

அவர் குவளையைத் தொடவில்லை. அவர் தொடாததால் தாயும் வடையைத் தொடவில்லை. சம்பந்தம் பேச வந்தவர்கள் கை நனைக்காமல் எழுந்தால் எங்களில் அதற்கு ஒரே அர்த்தம்தான்: சம்பந்தம் வேண்டாம். அண்ணை என் பக்கம் சாய்ந்தார். "என்ர பிள்ளையில என்ன குறை கண்டவை?" என்று என் காதுக்குள் கேட்டார்.

அதற்குள் லெவான் துளசியிடம் ஆங்கிலத்தில் ஏதோ அவசரமாகச் சொன்னார்.

"அப்பா, பியரைத் தூக்கி வாழ்த்தினா அது ஆகாத ஆக்களுக்குச் சொல்லுறதாம். உங்களுக்கு அப்பிடிச் சொல்லப் பெரியப்பாவுக்கு மனமில்லையாம்."

அண்ணை தலையில் கை வைத்தார். "மூவாயிரம் வருஷம் படிச்சனே! இதை ஒருத்தரும் எழுதேல்லையே!"

"தேத்தண்ணி போடட்டோ?" என்று அண்ணையின் மனைவி, எங்களுக்கு அக்கா, சமையலறை வாசலில் நின்று கேட்டார். துளசி ஆங்கிலத்தில் சொல்ல, லெவான் அதைத் தங்கள் பாஷையில் சொன்னார். பெரியப்பா நீதிபதியைப்போல யோசித்தார். பிறகு, எங்கள் நாட்டிலும் தேயிலை விளைகிறது, கொண்டுவரலாம் என்று தீர்ப்புச் சொன்னார்.

பால் விடாத தேநீரில் முதல் வாழ்த்து சமாதானத்துக்கு. பெரியப்பா ஒரே மூச்சில் குடித்தார்; நாக்குச் சுட்டிருக்கும். அண்ணைக்கு மூச்சு வந்தது. அடுத்தது வீட்டுக்கு. மூன்றாவதற்கு எல்லோரையும் எழுந்து நிற்கச் சொன்னார்.

"எங்களைப் பாரசீகர் ஆண்டார்கள், மங்கோலியர் ஆண்டார்கள், ரஷ்யர் ஆண்டார்கள். எங்கேயிருந்து வந்தோம் என்று அறிஞர்கள் இன்னும் சண்டை பிடிக்கிறார்கள். எங்களுக்குத் தெரிந்தது, மேசையில் இறந்தவர்களின் பெயரைச் சொல்வதுதான்." தன் தம்பியின் பெயரை, லெவானின் தகப்பனின் பெயரைச் சொன்னார். பிறகு கையை அண்ணையின் பக்கம் நீட்டினார். இனி அவருடைய முறை.

ஊரெல்லாம் விசாரித்தவர் இப்போது தன் வீட்டுப் பெயர்களுக்கு வந்தார். தகப்பனின் பெயரைச் சொன்னார். தாயின் பெயரைச் சொன்னார்.

"குகன்," என்றார். "என்ர தம்பி. இருபத்திரண்டு வயசு. சண்டைக்குள்ள காணாமப் போனவன். தேடிக் களைச்சுப் போனம்."

இத்தனை வருடப் பழக்கத்தில் அவருக்கு ஒரு தம்பி இருந்தது எனக்குத் தெரியாது. துளசி மொழிபெயர்க்கத் தொடங்கி, முடியாமல் நின்றாள். பெரியப்பாவுக்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. "குகன்" என்று தனக்கு வந்த மாதிரிச் சொன்னார்.

அண்ணை லெவானைப் பார்த்தார். "இனி உங்கட மேசையிலயும் அவன்ர பேரைச் சொல்லுங்கோ, மகன்."

அதுதான் அவருடைய ஓம். துளசி முகத்தைப் பொத்திக்கொண்டாள்.

அண்ணை கோப்பையைத் தூக்கினார். தேநீர் வெள்ளை மேசைவிரிப்பில் சிந்தியது. அவர் மட்டும் சிந்தியதாக இருக்க வேண்டாமென்று, நானும் என் கோப்பையைச் சற்றுச் சரித்தேன்.