தேக்கு சார் எழுதிய காதல் நாவல்

ஒரு பெண்ணைப் பார்த்து, "உங்ககிட்ட ஒரு வெடிப்பு கிடையாது, ஒரு முடிச்சு கிடையாது" என்று மனதாரப் பாராட்டக்கூடிய மனிதர் ஹைதராபாத்திலேயே ஒருவர்தான் இருந்தார். அவர் தேக்கு சார்.

செங்கோட்டைக்காரர். ஐம்பத்திரண்டு வயது, கல்யாணம் ஆகவில்லை. உப்பலில் ஒரு மரக்கடையில் சூப்பர்வைசர். சைனிக்புரியில் நான் குடியிருந்த வீட்டின் கீழ்ப்போர்ஷனில் இருந்தார். எங்கள் வீட்டுக்கு வந்தால் முதலில் கதவைத் தட்டுவார், பிறகு காதை வைத்துக் கேட்பார். நான் திறந்ததும் வணக்கம்கூடச் சொல்லாமல், "இது தேக்குன்னு சொன்னானா ஓனரு? வேங்கை மரம்வே" என்று துக்கம் விசாரிப்பதுபோல் சொல்லிவிட்டுத்தான் உள்ளே வருவார்.

ஒருநாள் மூன்று நோட்டுப் புத்தகங்களோடு வந்தார். காதல் நாவல் எழுதுகிறாராம். பெயர் 'வைரம் பாய்ந்த நெஞ்சம்'. கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை பார்க்கும் எனக்குத் தமிழில் டைப் அடிப்பது கஷ்டமாகவா இருக்கும் என்றார். கஷ்டமாகத்தான் இருந்தது. கதாநாயகன் மரக்கடை சூப்பர்வைசர். அங்கே பில் போடும் மலர்விழி கதாநாயகி. மூன்றாம் அத்தியாயத்தில் அவளை, 'நன்றாக உலர்ந்த பர்மாத் தேக்கு' என்று வர்ணித்திருந்தார். உலர்ந்த என்ற சொல்லையாவது எடுத்துவிடலாமே என்று கெஞ்சினேன்.

"ஈரம் இருந்தா வளைஞ்சிரும்வே" என்றார். எடுக்கவில்லை.

எட்டாம் அத்தியாயத்தில் நல்ல மழை. மலர்விழி பச்சைக் குடையோடு எடைமேடை அருகே நிற்கிறாள். நாயகன் மனதைத் திறக்க வாயைத் திறக்கிறான். அப்போது மர லோடு லாரி ஒன்று வந்துவிடுகிறது. ஒன்பதாம் அத்தியாயம் முழுக்க லோடு இறக்குகிறார்கள். பத்திலும் இறக்குகிறார்கள். பதினொன்றில் ஒவ்வொரு தடியாக அளக்கிறார்கள். மலர்விழி நின்றுகொண்டே இருக்கிறாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. வேறு யாரிடமாவது காட்டி அபிப்பிராயம் கேளுங்கள் என்றேன். காது சிவந்துபோய், கடையில் பில் போடும் ஸ்டெல்லா மேடம் இருக்கிறார் என்றார். ஆனால் அவர் தலைமுறை தலைமுறையாக செகந்திராபாத். ஹைதராபாத் இந்தி கலந்து தமிழ் பேசுவார், படிக்கத் தெரியாது. நான்தான் வாசித்துக் காட்ட வேண்டுமாம்.

சனிக்கிழமை மத்தியானம் உப்பலுக்குப் போனேன். ஸ்டெல்லா மேடம் தக்காளி சாதம் சாப்பிட்டபடி கேட்டார். கணவரை இழந்து பல வருடங்கள் ஆனவர், அளவாகப் பேசுபவர். தேக்கு சார் பத்தடி தள்ளி, ஒரே மரத்தடியைத் திரும்பத் திரும்ப டேப்பால் அளந்துகொண்டிருந்தார்.

பச்சைக் குடை வந்த இடத்தில் மேடம் சாப்பிடுவதை நிறுத்தினார். அப்போதுதான் கவனித்தேன், அவர் நாற்காலியின் முதுகில் ஒரு பச்சைக் குடை தொங்கிக்கொண்டிருந்தது. இது தெரியாமல் மூன்று மாதம் டைப் அடித்திருக்கிறேன். லோடு இறக்கும் அத்தியாயங்களையும் வாசித்து முடித்தேன்.

மேடம் டிபன் பாக்ஸை மூடினார். என்னைப் பார்த்துத்தான் பேசினார். ஆனால் பத்தடி தூரத்துக்குக் கேட்கும்படி.

"கைக்கு, எதுக்கு இவ்ளோ நேரம் நிக்கணும்? மூணு சாப்டர் மழைல நிக்கிறது எனக்கு நக்கோ, வேணாம். கேக்கறதை லாரி வர்றதுக்கு முன்னாடியே கேக்கச் சொல்லுங்க."

டேப் சடாரென்று சுருண்டு உள்ளே போகும் சத்தம் கேட்டது. தேக்கு சார் மெதுவாக வந்து நின்றார். சட்டையெல்லாம் மரத்தூள். கேட் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு சொன்னார்:

"இன்னைக்கு லோடு ஏதும் கிடையாது, மேடம்."

மேடம் அவர் பக்கம் திரும்பினார். "ஹவ், ஆமா. எனக்கும் தெரியும்" என்றார். சிரித்த மாதிரி இருந்தது. நான் என் லேப்டாப்பை எடுத்துக்கொண்டு நழுவிவிட்டேன்.

ரிஜிஸ்டர் ஆபீஸில் நான்தான் சாட்சிக் கையெழுத்துப் போட்டேன். நாவல் அச்சாகவில்லை. லோடு இறக்குவதையெல்லாம் ஸ்டெல்லா மேடம் வெட்டச் சொன்னதில் பத்தொன்பது பக்கம்தான் மிஞ்சியது. மனிதர் அசரவில்லை, இப்போது இரண்டாவது நாவல், நாயகன் பிளைவுட் ஆள். ஞாயிறு தவறாமல் நோட்டோடு வந்து, கதவைத் தட்டிக் காது வைக்கிறார்.

வாயால் சொன்னாலே தமிழில் எழுதிக்கொள்ளும் வசதி அவருடைய போனிலேயே இருக்கிறது. நான் இன்னும் அவரிடம் சொல்லவில்லை.