உங்கள் தம்பியின் பாத்திரத்தில் விழுந்த ஆட்டிறைச்சி

ரெய்னர்ஸ் லேன்,
ஞாயிறு பின்னேரம்.

பெருமதிப்புக்கும் அன்புக்கும் உரிய ரொறன்ரோ மச்சாள் தவநாயகி அவர்களுக்கு, உங்கள் தம்பி பாலேந்திராவின் மனைவி அருள்நாயகி வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. ஈலிங் கனகதுர்க்கை அம்மன் கிருபையால் நான் சுகம். உங்கள் தம்பி சுகத்துக்கும் மேலே. உங்கள் முழங்கால் வலியும் அத்தானின் சீனி வருத்தமும் குறைந்திருக்க வேண்டுகிறேன். போனில் சொன்னால் இவர் பக்கத்தில் இருந்து கேட்டுவிடுவார். வாட்ஸ்அப்பில் எழுதினால் நீங்கள் கை தவறிக் குடும்பக் குழுவில் போட்டுவிடுவீர்கள். ஆகவேதான் முத்திரை ஒட்டி எழுதுகிறேன்.

பெண் பார்க்க வந்த அன்று, "என்ரை தம்பி முட்டை அடிச்ச கரண்டியைக்கூடத் தொடமாட்டான்" என்று எங்கள் வீட்டு விறாந்தையில் இருந்து நீங்கள் சொன்னது நினைவிருக்கும். அந்தச் சொல்லை நம்பித்தான் நான் கழுத்தை நீட்டினேன். அந்தத் தம்பியின் இன்றைய நிலையைக் கேளுங்கள்.

போன மாரியில் இவருக்குப் பிறஷர் கூடியது. டொக்டர் தியானம் பழகச் சொன்னார். கோயிலில் இருந்து பழகலாமே என்றேன். அங்கே போனால் கண்ணை மூடவிடாமல் ஆட்கள் கதைப்பார்கள் என்று சொல்லி, ஸ்டேஷனுக்குப் பக்கத்து மண்டபத்தில் ஒரு வெள்ளைக்காரப் பிக்கு நடத்தும் வகுப்பில் சேர்ந்தார். பிக்கு என்ற சொல்லைக் கேட்டால் நம் ஆட்களுக்கு நெஞ்சு ஒருதரம் நின்றுதான் அடிக்கும். ஆனால் இந்தப் பிக்கு டெவனில் பிறந்து தாய்லாந்தில் படித்தவர், எறும்பிடமும் 'சொறி' சொல்லி மன்னிப்புக் கேட்கிறவர், ஆதலால் நான் பொறுத்துக்கொண்டேன். வகுப்புக்குப் போகத் தொடங்கியதும் உங்கள் தம்பி நான் சலாட் போடுகிற மரக்கிண்ணத்தைத் தன் பிச்சாபாத்திரம் ஆக்கிவிட்டார். சோறு, பருப்பு, வெண்டிக்காய், வாழைப்பழம், பாயாசம் எல்லாவற்றையும் அதற்குள்ளேயே போட்டுக் குழைத்து, கண்ணைத் தாழ்த்திக்கொண்டு சாப்பிடுகிறார். உப்புக் காணாது என்பதில்லை, புளி கூடிப்போச்சு என்பதில்லை. இந்த மனிதர் ஒரு நாளாவது வாயை மூடிக்கொண்டு சாப்பிட வேண்டும் என்று கலியாணம் செய்த நாள் முதல் நேர்ந்தவள் நான். மூடிவிட்டார் மச்சாள், இப்போது எனக்குத்தான் சோறு இறங்குதில்லை. ஒரு நாள் வேண்டுமென்றே உப்பில்லாமல் குழம்பு வைத்தேன். "பாத்திரத்திலை விழுந்ததை விருப்பு வெறுப்பில்லாமல் சாப்பிட வேணும், அருள்" என்று சொல்லி வழித்துத் தின்றார். நான் குசினிக்குள் போய் அழுதேன்.

அதோடு நின்றிருந்தால் இந்தக் கடிதம் இல்லை. பக்கத்து வீட்டு றோஸ்மலரைப் போன முறை வந்தபோது கண்டிருப்பீர்கள். மன்னார்ப் பெண், புருஷன் றொனால்ட், மாதா கோயிலுக்குப் போகிற வேதக்காரர். நல்ல பிள்ளை. நல்ல பிள்ளையாக இருப்பதுதான் பெரிய கரைச்சல், திட்டவும் ஏலாது. ஒரு ஞாயிறு அவர்களுடைய ஏணியைத் திருப்பிக் கொடுக்கப் போன உங்கள் தம்பியை "ஒரு வாய் சாப்பிட்டிட்டுப் போங்கோ அண்ணை" என்று இருத்திவிட்டாள். திரும்பி வந்து கதிரையில் இருந்து, யன்னலைப் பார்த்துக்கொண்டு, "அருள், றோஸ்மலற்றை கையிலை ஏதோ இருக்கு" என்றார்.

"என்ன இருக்கு? காப்போ, மோதிரமோ?"

"ஆட்டிறைச்சிக் கறி. எலும்பில்லாதது. பஞ்சு மாதிரி. பாத்திரத்திலை விழுந்தது, துறவி மறுக்கக் கூடாது."

"நீங்கள் எப்ப துறவியானனீங்கள்? எண்டால் ஓசியிலை பஸ் ஏறுற அந்த ஃப்ரீடம் பாஸை முதல் துறவுங்கோ!"

விருப்பு வெறுப்பு இல்லாதவர் ஒவ்வொரு ஞாயிறும் சரியாக அவள் வீட்டில் கறி கொதிக்கும் நேரம் பார்த்து ஏன் எதையாவது திருப்பிக் கொடுக்கப் போகிறார்? கடன் வாங்கிய சாமான்கள் முடிந்து, வாங்காத சாமான்களையும் கொடுக்கத் தொடங்கினார். எங்கள் மண்வெட்டி இப்போது அவர்கள் ஷெட்டில் இருக்கிறது. பொறாமை என்று நினைக்காதீர்கள். சரி, நினையுங்கள், பொறாமைதான். செத்த ஆட்டுக்காகக் கொஞ்சம் கவலைப்பட்டேன், மிச்சக் கவலை முழுக்க எனக்காகத்தான். என் தோசைக்கு, என் சொதிக்கு, வெள்ளிக்கிழமை விரதச் சமையலுக்கு ஒரு தரமாவது "கை" என்ற சொல் இந்த மனிதரின் வாயில் வந்ததா? எனக்கும் இரண்டு கைகள் இருக்கின்றன, மச்சாள்.

ஆட்டைக் கடித்தாயிற்று, இனி மாட்டைக் கடிக்கப் போகிறார் என்று பயந்து நானே அந்த வகுப்புக்குப் போனேன். அங்கே தேத்தண்ணி ஊற்றிய வியட்நாம் பிக்குணி அம்மா, தங்கள் வழியில் இறைச்சி மட்டுமல்ல, வெங்காயமும் உள்ளியும்கூட இல்லை என்றா. எனக்கு அவவைக் கட்டிப்பிடிக்க வேண்டும் போல இருந்தது. உங்கள் தம்பியோ, "அது அவையின்ரை பிரிவு" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு பிக்குவிடம் எனக்குத் தெரிந்த இங்கிலீசில் நேராகவே கேட்டேன். அவர் பொறுமையாக விளங்கப்படுத்தினார். பாத்திரத்தில் இறைச்சி விழுந்தால் அவருடைய வழியில் சாப்பிடலாமாம். ஆனால் அந்த உயிரைத் தனக்காகக் கொன்றதைக் கண்டிருந்தாலோ, கேட்டிருந்தாலோ, அப்படி ஒரு சந்தேகம் மனதில் வந்தாலோ தொடக் கூடாதாம். உங்கள் தம்பி பாதிப் பிரசங்கத்தோடு எழும்பி ஓடி வந்திருக்கிறார்!

இன்றைக்கு இவர் பாத்திரத்தோடு புறப்பட, நானும் கூடப் போனேன். மூக்கைச் சால்வையால் பொத்தியிருந்தும் ஆட்டு மொச்சை மூளைக்குள் ஏறியது. றோஸ்மலர் தனியாக ஒரு சின்னச் சட்டியைக் கொண்டுவந்து, கிண்ணத்தில் இரண்டு அகப்பை போட்டாள். இவர் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும். எங்கள் தாலி கட்டின படத்திலும் அந்தச் சிரிப்பு இல்லை.

"றோஸ்மலர், இது ஆருக்காகச் சமைச்சது?" என்று கேட்டேன்.

"அண்ணைக்காகத்தான் அக்கா. எங்கடை வீட்டிலை இந்தச் சட்டியை வேறை ஆரும் தொடமாட்டினம்."

"கேட்டியளோ? உங்களுக்காகவாம்! காதாலை கேட்டாச்சு. இனித் தொடுவியளோ?"

வாய்க்குப் போன கை பாதி வழியில் நின்றது. கிண்ணத்தை மெல்ல மேசையில் வைத்தார். றோஸ்மலர், "அக்கா, அது வந்து..." என்று ஏதோ தொடங்கினாள். "நீர் ஒண்டும் சொல்ல வேண்டாம் பிள்ளை" என்று அவள் வாயை அடைத்துவிட்டு இவரைக் கூட்டிக்கொண்டு வந்தேன். வீட்டில் என் கத்தரிக்காய்ப் பால்கறியைப் போட்டேன். தின்றார். விருப்பு வெறுப்பில்லாமல்.

ஆகவே மச்சாள், நீங்கள் மூத்தவர். இந்தக் கடிதம் கண்டவுடன் போன் எடுத்து, இனி மச்ச மாமிசம் தொடமாட்டேன் என்று தாய் தகப்பன் பேரில் சத்தியம் வாங்குங்கள். அப்படியே, நான் சொன்னதாகக் காட்டிக்கொள்ளாமல், "அருளின்ரை சமையல் எப்படியடா?" என்றும் ஒரு கேள்வி கேளுங்கள். என்ன சொன்னார் என்று மறக்காமல் எனக்கு அறியத்தாருங்கள்.

அத்தானுக்கு என் வணக்கம். பிள்ளைகளுக்கு அன்பு முத்தம். உங்கள் வீட்டு அடுப்பும் அடுக்களையும் அம்மன் காவலில் இருக்கட்டும்.

இப்படிக்கு,
இன்னமும் உங்கள் வீட்டு மருமகளாகவே இருக்கிற
அருள்நாயகி

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது றோஸ்மலர் ஒரு பிளாஸ்ரிக் பெட்டியோடு வாசலில் வந்து நின்றாள். கண் கலங்கியிருந்தது. "அக்கா, மாதாவாணை அது ஆடில்லை, பிலாக்காய்! முதல் நாள் அண்ணை, இருக்கிறதைப் போடும் எண்டார். சைவக்காரரின்ரை விரதத்தைக் கெடுத்த பாவம் எனக்கு வேண்டாம் எண்டு, ரின்னிலை வாற பிஞ்சுப் பிலாக்காயை வறுத்த தூள் போட்டுப் பிரட்டிக் குடுத்தனான். அண்ணை அதை ஆடு எண்டு நினைச்சிட்டார். அண்ணையின்ரை சந்தோசத்தைப் பாத்த பிறகு எனக்குச் சொல்ல மனம் வரேல்லை" என்றாள். பிறந்ததிலிருந்து மச்சம் தொடாத மனிதருக்கு ஆடு எது, பிலாக்காய் எது என்று எப்படித் தெரியும்! அவள் போன பிறகு பெட்டியைத் திறந்து ஒரு வாய் வைத்துப் பார்த்தேன். இன்னொரு வாயும் வைத்தேன். பெட்டி முடிந்துவிட்டது. ஆட்டிறைச்சியிடம் தோற்றிருந்தால் எனக்கு வெட்கமில்லை, மச்சாள், நான் அந்தப் போட்டியிலேயே இல்லை. இது சைவம்! என்ரை சைவத்திலை எனக்கு மேலாலை ஒருத்தி! ஆனபடியால் மேலே எழுதினது ஒன்றையும் செய்ய வேண்டாம். போனும் வேண்டாம், சத்தியமும் வேண்டாம். அது பிலாக்காய் எண்டு மட்டும் உங்கடை தம்பிக்கு உயிர் போனாலும் சொல்லிப்போடாதேங்கோ. அவர் ஆடு திண்டவராகவே இருக்கட்டும்.